பந்தைத் தொடாதவருக்கு எதற்கு ஸ்காலர்ஷிப்? கல்லூரி ஆஃபென்சிவ் லைன்மேனின் வாழ்க்கை

கேள்வி இதுதான்: அமெரிக்கக் கல்லூரி ஃபுட்பாலில், பந்து வைத்திருக்கும் அணியின் முன்வரிசையில் ஆஃபென்சிவ் லைன்மேன் என்று ஐந்து பேர் நிற்கிறார்கள். ஆளுக்கு 130 கிலோவுக்கு மேல் எடை. பந்தோடு ஓடுவதில்லை, பாஸ் பிடிப்பதில்லை, டச்டவுன் போடுவதில்லை. இப்படி ஒருவருக்குக் கல்லூரி ஏன் முழுப் படிப்புச் செலவையும் கொடுக்கிறது? அவருடைய கெரியர் எப்படித் தொடங்கி எப்படி முடிகிறது?

மற்ற பொசிஷன்களுக்குக் கல்லூரிகள் ஆளைத் தேடிப் பிடிக்கின்றன. இந்த ஐந்து இடங்களுக்கு மட்டும் பெரும்பாலும் ஆளை உருவாக்க வேண்டியிருக்கிறது. வேகமாக ஓடும் 18 வயதுப் பையன் முதல் வருடமே களத்தில் இறங்கி ஆட்டத்தை மாற்றலாம். லைன்மேனுக்கு அந்த வாய்ப்பு அபூர்வம். உடம்பு ஏற வேண்டும், கால் பழக வேண்டும், எதிரணியைப் படிக்கக் கண் பழக வேண்டும். இதற்கு இரண்டு மூன்று வருடமாவது ஆகும். ஸ்காலர்ஷிப்பில் பெரும்பகுதி இந்தக் காத்திருப்புக்கான விலை என்றுதான் நான் பார்க்கிறேன். இந்த வாழ்க்கையில் நல்லது கெட்டது இரண்டும் அந்த வருடங்களிலிருந்தே வருகின்றன.

முதலில் வேலை என்ன என்று பார்த்துவிடலாம். களத்தில் இருக்கும் 11 பேரில் நடுவில் நிற்பவர் சென்டர், அவருக்கு இரண்டு பக்கமும் கார்டு, அதற்கும் வெளியே டேக்கிள். சட்டைகளில் 50 முதல் 79 வரை எண் இருக்கும். பாஸ் வாங்கும் உரிமை இவர்களுக்கு இல்லை. கல்லூரி விதிப்படி, முன்னோக்கிப் பாஸ் போகும் ஆட்டத்தில் பந்து இருந்த கோட்டைத் தாண்டி 3 யார்டுக்கு மேல் போனாலே பெனால்டி. ஆனால் கேள்வியில் ஒரு சின்னத் திருத்தம்: சென்டர் பந்தைத் தொடுகிறார். ஒவ்வொரு முறையும் பந்து கிளம்புவது அவர் கையிலிருந்துதான். கால்களுக்கு நடுவே பந்தைப் பின்னால் அனுப்பிய அதே நொடியில், தன்மீது பாயும் ஓர் ஆளை அவர் தடுத்தாக வேண்டும்.

பாஸ் ஆட்டத்தில், பந்தை எறியும் குவார்ட்டர்பேக்குக்கு இரண்டரை, மூன்று விநாடி வாங்கிக் கொடுப்பது இவர்கள் வேலை. கேட்கச் சின்ன விஷயம் போல இருக்கும். எதிரே வருபவர் முன்னோக்கி ஓடி வருகிறார். டேக்கிள் பின்னோக்கிப் போய்க்கொண்டே அவரைத் தடுக்கிறார். அதற்கென்று கிக் ஸ்லைடு என்ற ஒரு கால்நடை உண்டு. வெளிக்காலைப் பின்னால் தள்ளி, உள்காலை இழுத்துக்கொண்டு, முதுகு நிமிர்ந்து, இடுப்பு தாழ்ந்து போக வேண்டும். கை சீக்கிரம் நீண்டால் எதிராளி அதைத் தட்டிவிட்டுக் கடந்துவிடுவார். தாமதமாக நீண்டால் நெஞ்சில் இடித்துத் தள்ளுவார். சட்டையை வெளிப்பக்கமாகப் பிடித்து இழுத்தால் ஹோல்டிங், 10 யார்டு போச்சு. பந்து அசைவதற்கு முன் தோள் அசைந்தால் ஃபால்ஸ் ஸ்டார்ட், 5 யார்டு. மைதானத்தில் ஒலிபெருக்கி இவர்களுடைய எண்ணைச் சொல்வது பெரும்பாலும் இப்படித் தவறு நடக்கும்போதுதான்.

ஓட்ட ஆட்டம் வேறு மாதிரி. இன்சைட் ஸோன் என்று ஒரு வகை இருக்கிறது, ஏறக்குறைய எல்லா அணிகளும் ஆடும். இரண்டு லைன்மேன்கள் சேர்ந்து ஒரு தடுப்பாளரைத் தள்ளுவார்கள். இருவர் கண்ணும் அவருக்குப் பின்னால் இரண்டாம் வரிசையில் நிற்கும் எதிரணி லைன்பேக்கர் மேல் இருக்கும். அவர் எந்தப் பக்கம் வருகிறாரோ, அந்தப் பக்கத்து லைன்மேன் கழன்று அவரைப் பிடிப்பார், மற்றவர் முதல் ஆளைத் தனியாகப் பார்த்துக்கொள்வார். யார் கழல்வது என்று பேசி முடிவெடுக்க நேரம் கிடையாது. தோளோடு தோள் ஒட்டியிருக்கும் அழுத்தத்திலிருந்தே தெரிந்துகொள்ள வேண்டும். இதனால்தான் ஐந்து தனித்தனித் திறமைசாலிகளைவிட, மூன்று வருடம் பக்கத்தில் பக்கத்தில் நின்ற ஐந்து சுமாரான ஆட்கள் நல்ல லைனாக அமைவது உண்டு. 2015இலிருந்து கொடுக்கப்படும் ஜோ மூர் விருது இதை ஒப்புக்கொள்கிறது. அந்த விருது தனி ஆளுக்கு இல்லை, ஒரு கல்லூரியின் முழு லைனுக்கு. முதல் வருடம் அலபாமா வாங்கியது.

சென்டருக்கு இன்னொரு பாரமும் உண்டு. பந்தை எடுப்பதற்கு முன் எதிரணி எப்படி நிற்கிறது என்று பார்த்து, நடு லைன்பேக்கர் யார் என்று கைகாட்டி அறிவிப்பார். அவரை வைத்துத்தான் மற்ற நால்வரும் தங்கள் ஆளைக் கணக்கிடுவார்கள். பென் ஸ்டேட் பல்கலைக்கழகத்தின் பீவர் ஸ்டேடியம் போன்ற ஒரு லட்சம் பேருக்கு மேல் உட்காரும் இடத்துக்கு வெளியூர் அணியாகப் போனால், பக்கத்து ஆள் கத்துவதுகூடக் காதில் விழாது. அப்போது கார்டு பின்னால் திரும்பிக் குவார்ட்டர்பேக்கின் சைகையைப் பார்த்து, சென்டரைத் தட்டிச் சொல்வார். ஆட்டத்துக்குச் சுமார் 70 முறை இது நடக்கிறது. ஒரு முறை தவறினாலும் குவார்ட்டர்பேக்கின் தோள் போகலாம்.

இப்போது கெரியருக்கு வருவோம்.

ஹைஸ்கூலில் லைன்மேனாக நிற்பவர் பெரும்பாலும் அந்த ஊரிலேயே பெரிய பையன். எதிரே நிற்பவர் 80 கிலோ இருப்பார், இவர் 115. டெக்னிக் இல்லாமலே ஜெயித்துவிடலாம். அதனால்தான் இந்த வயதில் லைன்மேனை எடை போடுவது பயிற்சியாளர்களுக்கே கஷ்டமாக இருக்கிறது. அவர்கள் தேடுவது இடுப்பு எவ்வளவு வளைகிறது, கணுக்கால் எப்படி மடிகிறது, கை எவ்வளவு நீளம், கூடைப்பந்தோ மல்யுத்தமோ ஆடியிருக்கிறானா என்பதை. மெலிந்த, உயரமான பையனை எடுத்து உடம்பை ஏற்றுவது எளிது. பருத்த பையனின் காலை வேகமாக்குவது ரொம்பக் கஷ்டம்.

அதனால் லைன்மேன்களில் நிறையப் பேர் வேறு பொசிஷனிலிருந்து வந்தவர்கள். லேன் ஜான்சன் டெக்சஸில் ஒரு ஜூனியர் கல்லூரியில் குவார்ட்டர்பேக். ஓக்லஹோமாவுக்கு வந்து டைட் எண்ட் ஆனார், பிறகு டிஃபென்சிவ் எண்ட், கடைசியில் டேக்கிள். தொழில்முறை லீகான என்எஃப்எல், கல்லூரி ஆட்டக்காரர்களைத் தேர்ந்தெடுக்கும் டிராஃப்டில், 2013இல் நான்காவது ஆளாக எடுக்கப்பட்டார். டைலர் லிண்டர்பாம் அயோவாவுக்கு வந்தது தடுப்பு அணியின் டிஃபென்சிவ் டேக்கிளாக. சென்டராக மாற்றினார்கள், 2021இல் நாட்டின் சிறந்த சென்டருக்கான ரிமிங்டன் விருதை வாங்கினார். ஜேசன் கெல்சி சின்சினாட்டிக்கு ஸ்காலர்ஷிப்பே இல்லாமல், பந்தோடு ஓடும் ரன்னிங் பேக்காக வந்தவர். லைன்பேக்கராக்கினார்கள், அதுவும் சரிவரவில்லை. அப்புறம் லைனுக்குப் போய், உடம்பை ஏற்றி, ஸ்காலர்ஷிப்பை வாங்கினார். 2011இல் ஆறாவது சுற்றில் 191ஆவது ஆளாகத் தேர்வானவர், ஃபிலடெல்ஃபியா ஈகிள்ஸில் 13 சீசன் சென்டராக ஆடி 2024இல்தான் ஓய்வு பெற்றார். 18 வயதில் இந்த மூவரையும் பார்த்து இவர்களுடைய இடம் இதுதான் என்று யாரும் அடித்துச் சொல்லியிருக்க முடியாது.

கல்லூரிக்கு வந்ததும் முதல் வருடம் பெரும்பாலானவர்களுக்கு ரெட்ஷர்ட் வருடம். ஐந்து வருடத்துக்குள் நான்கு சீசன் ஆடலாம் என்பது விதி. முதல் வருடம் ஆடாமல் பயிற்சி மட்டும் எடுத்தால், அந்தச் சீசன் கையில் மிஞ்சும். 2018இலிருந்து நான்கு ஆட்டம் வரை ஆடினாலும் ரெட்ஷர்ட் போகாது. இந்த ஒரு வருடத்தில் பையன் செய்வது இரண்டு: சாப்பிடுவது, எடை தூக்குவது. 300 பவுண்ட், அதாவது 136 கிலோ என்பது இன்று சாதாரண அளவு. அதைக் கொழுப்பாக இல்லாமல் தசையாக ஏற்ற வேண்டும், ஏற்றிய பிறகும் கால் வேகம் குறையக் கூடாது. இப்படி ஒரு உடம்புக்குச் சோறு போடுவதிலேயே விதிகள் குறுக்கே நின்ற காலம் உண்டு. ஸ்காலர்ஷிப்பில் ஒரு நாளைக்கு மூன்று வேளைச் சாப்பாடு அல்லது அதற்கான பணம் என்று கட்டுப்பாடு இருந்தது. 2014 ஏப்ரலில்தான் அதை நீக்கி, எவ்வளவு வேண்டுமானாலும் கொடுக்கலாம் என்றார்கள். பல கோடி டாலர் புரளும் ஒரு விளையாட்டில் இவ்வளவு காலம் சாப்பாட்டை அளந்து போட்டிருக்கிறார்கள் என்பது எனக்கு இன்றும் கோபம் வரவைக்கும் விஷயம்.

விதிப்படி சீசன் நடக்கும்போது வாரத்துக்கு 20 மணி நேரம்தான் பயிற்சி, வாரம் ஒரு நாள் விடுமுறை. நடைமுறையில் அந்தக் கணக்கில் வராதவை நிறைய. ‘விருப்பப்பட்டு’ப் பார்க்கும் வீடியோ, காயத்துக்கான சிகிச்சை, கணுக்காலுக்குக் கட்டுப் போடுவது, பயணம். ஆட்டம் எத்தனை மணி நேரம் இழுத்தாலும் மூன்று மணி நேரம் என்றே எழுதப்படும். இதற்கு நடுவே வகுப்புக்கும் போக வேண்டும்.

இந்த இடத்தில் ஒருவருடைய கதையைக் கொஞ்சம் நிதானமாகச் சொல்லியாக வேண்டும். ஜான் அர்ஷல். கனடாவின் வின்னிபெக்கில் 1991இல் பிறந்தவர், நியூயார்க் மாநிலத்தின் பஃபலோ பக்கம் வளர்ந்தவர். 2009இல் பென் ஸ்டேட்டுக்கு வந்தார். முதல் வருடம் ரெட்ஷர்ட். கார்டு. மூன்று வருடத்தில் கணிதத்தில் இளங்கலை, அடுத்து கணிதத்தில் முதுகலை, எல்லாம் முழு மதிப்பெண்ணோடு. ஆடிக்கொண்டிருக்கும்போதே இளங்கலை மாணவர்களுக்குக் கணித வகுப்பும் எடுத்தார். சூரியன், வியாழன், ஒரு சிறுகோள் இந்த மூன்றும் ஒன்றையொன்று ஈர்க்கும்போது சிறுகோளின் பாதை எப்படி நிலைகுலைகிறது என்பது பற்றி இன்னொருவருடன் சேர்ந்து எழுதிய ஆய்வுக் கட்டுரை 2013இல் வெளிவந்தது. அதே சமயம் 2012, 2013 இரண்டு வருடமும் பிக் டென் லீகின் முதல்தர அணிப் பட்டியலில் அவர் பெயர் இருந்தது.

அந்த 2012 சாதாரண வருடம் இல்லை. பென் ஸ்டேட்டின் முன்னாள் உதவிப் பயிற்சியாளர் ஒருவர் சிறுவர்களைப் பாலியல் வன்கொடுமை செய்தது வெளிவந்து, அந்த ஜூலையில் கல்லூரி விளையாட்டு அமைப்பான என்சிஏஏ கடுமையான தண்டனை விதித்தது. 6 கோடி டாலர் அபராதம், நான்கு வருடம் சீசனுக்குப் பிந்தைய போல் ஆட்டங்களுக்குத் தடை, ஸ்காலர்ஷிப் எண்ணிக்கையில் வெட்டு. கூடவே, எந்த ஆட்டக்காரரும் ஒரு வருடம் உட்காராமல் உடனே வேறு கல்லூரிக்குப் போகலாம் என்ற அனுமதி. சிலர் போனார்கள். அர்ஷல் இருந்தார். போல் ஆட்டமே கிடையாது என்று தெரிந்தும் இருந்தவர்களின் அந்த அணி 8 வெற்றி, 4 தோல்வியோடு சீசனை முடித்தது. 2013இல் படிப்பு, ஆட்டம், நடத்தை மூன்றையும் சேர்த்துப் பார்த்துக் கொடுக்கும் கேம்பெல் விருது அர்ஷலுக்கு.

அதற்கு முந்தைய வருடம் அதே கேம்பெல் விருதை வாங்கியவரும் ஒரு ஆஃபென்சிவ் லைன்மேன்தான்: அலபாமாவின் பேரட் ஜோன்ஸ். கணக்கியலில் இளங்கலை, முதுகலை. அவருடைய கல்லூரி கெரியரைப் போல இன்னொன்றைக் காட்டுவது கஷ்டம். 2009இல் ரைட் கார்டாக ஆடி தேசிய சாம்பியன். 2011இல் லெஃப்ட் டேக்கிளுக்கு மாறி மறுபடி சாம்பியன், சிறந்த லைன்மேனுக்கான அவுட்லேண்ட் விருதும். 2012இல் சென்டருக்கு மாறி மூன்றாவது முறை சாம்பியன், ரிமிங்டன் விருதும். கடைசி ஆட்டம் 2013 ஜனவரியில் நோட்டர் டேமுக்கு எதிராக. பாதத்தில் தசைநார் கிழிந்த நிலையில் ஆடினார். 42க்கு 14 என்று முன்னிலையில் இருந்தபோதும், பந்தை அனுப்ப இருக்கும் நேரம் கரைவதைப் பற்றி அவருக்கும் குவார்ட்டர்பேக் ஏஜே மெக்கேரனுக்கும் களத்திலேயே வாக்குவாதம் வந்து, ஜோன்ஸ் அவரைப் பிடித்துத் தள்ளியதை டிவியில் நாடே பார்த்தது. ஜெயித்த ஆட்டத்திலும் ஒரு சென்டர் எவ்வளவு முனைப்போடு இருப்பார் என்பதற்கு எனக்கு இதுதான் பிடித்த காட்சி. அப்புறம் டிராஃப்டில் நான்காவது சுற்றில் போனார், என்எஃப்எல்லில் பெரிதாக எதுவும் அமையவில்லை. கெல்சியையும் ஜோன்ஸையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். கல்லூரிப் புகழுக்கும் தொழில்முறை வாழ்க்கைக்கும் நேர்க்கோட்டுத் தொடர்பு கிடையாது.

புகழ் என்றதும் ஒன்று சொல்லிவிடுகிறேன். கல்லூரி ஃபுட்பாலின் பெரிய விருதான ஹைஸ்மன் 1935இலிருந்து கொடுக்கப்படுகிறது. ஒரு சென்டரோ கார்டோ டேக்கிளோ இன்றுவரை அதை வாங்கியதில்லை. மிக அருகில் வந்தவர்களில் ஒருவர் ஒஹையோ ஸ்டேட்டின் டேக்கிள் ஜான் ஹிக்ஸ், 1973இல் இரண்டாம் இடம். 1996இல் அதே கல்லூரியின் ஆர்லாண்டோ பேஸ் நான்காவதாக வந்தார். எதிராளியை முதுகு தரையில் படும்படி வீழ்த்துவதைப் பேன்கேக் என்பார்கள். அவருக்காகப் பிரசாரம் செய்யக் கல்லூரி பேன்கேக் வடிவத்தில் காந்தங்களைச் செய்து பத்திரிகையாளர்களுக்கு அனுப்பியது. எடுத்துக்காட்ட ஒரு எண் வேண்டுமே! லைன்மேனுக்கென்று அதிகாரப்பூர்வப் புள்ளிவிவரம் எதுவுமே இல்லாததால் இப்படியெல்லாம் செய்ய வேண்டியிருந்தது. பேஸ் அடுத்த வருடம் டிராஃப்டில் முதல் ஆளாகப் போனார், 2016இல் தொழில்முறை ஃபுட்பாலின் ஹால் ஆஃப் ஃபேமில் சேர்ந்தார்.

இனி உடம்பு கொடுக்கும் விலை. முழங்காலும் கணுக்காலும் முதலில் போகும். பெரும்பாலும் எதிராளி அடிப்பதால் இல்லை. பக்கத்தில் விழுகிற சொந்த அணி ஆளே காலின் பின்பக்கம் உருண்டு விழுவதால். நிறையக் கல்லூரிகளில் லைன்மேன்கள் முழங்காலுக்கு உலோகப் பட்டை போட்டுக்கொண்டு ஆடுவதைப் பார்க்கலாம். தோள்பட்டையின் மூட்டுக் குருத்தெலும்பு கிழிவதும் சகஜம்.

வெயில் அதைவிட ஆபத்தானது. பெரிய உடம்பு சூட்டை வெளியேற்றுவது மெதுவாகத்தான், அதனால் உழைப்பினால் வரும் வெப்பத் தாக்குக்கு லைன்மேன்கள்தான் அதிகம் பலியாகிறார்கள். மேரிலாந்து பல்கலைக்கழகத்தின் ஆஃபென்சிவ் லைன்மேன் ஜோர்டன் மெக்நேர், 19 வயது, 2018 மே 29 அன்று பயிற்சியில் ஓடும்போது நிலைகுலைந்தார். ஜூன் 13 அன்று இறந்தார். அப்படிப்பட்ட நிலையில் உடனே செய்ய வேண்டியது குளிர்ந்த நீர்த் தொட்டியில் ஆளை அமிழ்த்துவது. அதைச் செய்யவில்லை என்று பிறகு நடந்த விசாரணை சொன்னது. இது தடுக்க முடியாத விபத்து இல்லை. ஒரு தொட்டி தண்ணீரும் ஐஸும் போதும், நேரத்தில் முடிவெடுக்க ஓர் ஆள் போதும். ‘பையன் சோம்பேறித்தனம் செய்கிறான்’ என்று நினைத்து இன்னொரு சுற்று ஓடச் சொல்லும் பழக்கம் இந்த விளையாட்டில் இன்னும் முழுசாகப் போகவில்லை. லைன்மேனின் பெற்றோர் ஒரு கல்லூரியைப் பார்க்கப் போனால் ஸ்டேடியத்தைப் பார்ப்பதற்கு முன் அந்தத் தொட்டி எங்கே இருக்கிறது என்று கேட்க வேண்டும்.

தலை விஷயம் மெதுவாக வருவது. பாஸ் பிடிக்கும் ரிசீவருக்கு வரும் பெரிய மோதலை எல்லாரும் பார்க்கிறார்கள். லைன்மேனுக்கு ஒவ்வொரு ஆட்டத்திலும் சின்னச் சின்ன இடி, சீசன் முழுக்க நூற்றுக்கணக்கில். 2017 ஜூலை 25 அன்று பாஸ்டன் பல்கலைக்கழக ஆய்வாளர்களின் கட்டுரை ஒன்று வந்தது. தானமாகப் பெற்ற மூளைகளைப் பரிசோதித்ததில், என்எஃப்எல் ஆடிய 111 பேரில் 110 பேருக்கும், கல்லூரிவரை ஆடிய 53 பேரில் 48 பேருக்கும் சிடிஇ என்ற மூளைச் சிதைவு நோய் இருந்தது. அறிகுறி இருந்தவர்களின் குடும்பங்களே பெரும்பாலும் மூளையைத் தானம் செய்வதால், ஆடுபவர்களில் இத்தனை சதவீதம் பேருக்கு வரும் என்று இதிலிருந்து கணக்குப் போட முடியாது. அதைச் சொல்லிவிட்டும், கல்லூரியோடு நிறுத்தியவர்களிலும் 53க்கு 48 என்பது தூக்கத்தைக் கெடுக்கிற எண்தான்.

அந்தக் கட்டுரை வந்து இரண்டு நாள் கழித்து அர்ஷல் ஓய்வை அறிவித்தார், 26 வயதில். 2014இல் பால்டிமோர் ரேவன்ஸ் அவரை ஐந்தாவது சுற்றில் 175ஆவது ஆளாக எடுத்திருந்தது. மூன்று சீசன் ஆடினார். 2015 ஆகஸ்ட் பயிற்சி முகாமில் தலையில் அடிபட்டு மயங்கினார். சில வாரங்களில் களத்துக்குத் திரும்பிவிட்டார், ஆனால் கடினமான கணிதத்தை முன்பு போல யோசிக்க அதற்கும் மேலே நாளானது என்று அவரே பின்னர் சொல்லியிருக்கிறார். 2016இல் எம்ஐடியில் முனைவர் பட்டத்துக்குச் சேர்ந்து, சீசன் இல்லாத மாதங்களில் படித்துக்கொண்டிருந்தார். 2021இல் பட்டம் வாங்கினார், 2023இல் அங்கேயே கணிதத் துறையில் உதவிப் பேராசிரியரானார். ஃபுட்பாலை அவர் வெறுத்து விடவில்லை. இரண்டில் ஒன்றை விட வேண்டிய நேரம் வந்தபோது எதை இழக்க முடியாது என்று அவருக்குத் தெரிந்திருந்தது, அவ்வளவுதான்.

எல்லாருக்கும் எம்ஐடி இல்லை, எல்லாருக்கும் என்எஃப்எல்லும் இல்லை. டிராஃப்டுக்குத் தகுதியாகும் கல்லூரி ஆட்டக்காரர்களில் என்எஃப்எல்வரை போகிறவர்கள் 1.6 சதவீதம் அளவில்தான் என்று என்சிஏஏவே கணக்குச் சொல்கிறது. டிராஃப்டில் ஏழு சுற்று, எல்லாப் பொசிஷனும் சேர்த்து 250 பேருக்குக் கொஞ்சம் மேலே. அதாவது பெரும்பாலான லைன்மேன்களுக்கு 22, 23 வயதில் கடைசி ஆட்டம் முடிந்துவிடும். மறுநாளிலிருந்து அந்த 136 கிலோவுக்கு ஒரு வேலையும் இல்லை. ஐந்து வருடம் வளர்த்த பசி அப்படியே இருக்கும், கரைக்கும் பயிற்சி நின்றுவிடும். இங்கேதான் சர்க்கரையும் ரத்த அழுத்தமும் தூக்கத்தில் மூச்சடைப்பும் வந்து சேர்கின்றன. விஸ்கான்சின் கல்லூரியிலிருந்து வந்து க்ளீவ்லண்ட் அணியில், பந்து கிளம்பிய 10,363 தடவையில் ஒன்றுகூட விடாமல் தொடர்ந்து களத்தில் நின்ற ஜோ தாமஸ், ஓய்வுக்குப் பிறகு 50 பவுண்ட் அளவுக்கு எடை குறைத்த படங்களைப் பார்த்தவர்கள் அடையாளம் தெரியாமல் திகைத்தார்கள். ராணுவ, கடற்படைக் கல்லூரிகளின் லைன்மேன்களுக்கு இது கட்டாயமே: கடைசி சீசன் முடிந்ததும், அதிகாரியாகப் பதவி ஏற்பதற்குள் படையின் எடை அளவுக்குள் வந்தாக வேண்டும். மற்ற கல்லூரிகளும் உடம்பை ஏற்றுவதற்கு வைத்திருக்கும் ஆட்களில் ஒருவரையாவது இறக்குவதற்கும் வைக்க வேண்டும். ஏற்றச் சொன்னது அவர்கள்தானே.

கடைசியாகப் பணம். 2021 ஜூலையிலிருந்து மாணவர்கள் தங்கள் பெயரையும் படத்தையும் வைத்துச் சம்பாதிக்கலாம். முதலில் எல்லாரும் குவார்ட்டர்பேக்குகளுக்குத்தான் கொட்டுவார்கள் என்று நினைத்தோம். ஆனால் அந்த வருட டிசம்பரிலேயே டெக்சஸ் பல்கலைக்கழக ஆதரவாளர்கள் தொடங்கிய ஓர் அமைப்பு, ஸ்காலர்ஷிப்பில் இருக்கும் ஒவ்வொரு ஆஃபென்சிவ் லைன்மேனுக்கும் வருடம் 50,000 டாலர் என்று அறிவித்தது. தர்ம காரியங்களில் பங்கெடுப்பதற்கான சம்பளம் என்று கணக்கு; திட்டத்துக்கு வைத்த பெயர் பேன்கேக் ஃபேக்டரி. 2025 ஜூனில் நீதிமன்றம் ஏற்ற ஒப்பந்தத்துக்குப் பிறகு கல்லூரிகளே நேரடியாக ஆட்டக்காரர்களுக்குப் பணம் கொடுக்கின்றன. முதல் வருடத்துக்கு எல்லா விளையாட்டும் சேர்த்து ஒரு கல்லூரிக்கு 2 கோடியே 5 லட்சம் டாலர் வரை.

கூடவே, 2012இல் பென் ஸ்டேட் பையன்களுக்குத் தண்டனையின் பகுதியாகக் கிடைத்த சுதந்திரம் இன்று எல்லாருக்கும் உண்டு. வருடா வருடம் கல்லூரி மாறலாம், உட்கார வேண்டியதில்லை. ஆட்டக்காரருக்கு இது நியாயம்தான், அதில் எனக்குச் சந்தேகமே இல்லை. ஆனால் லைனுக்கு இதன் பலன் மற்ற பொசிஷன்களைப் போல இல்லை. ஏற்கெனவே மூன்று வருடம் எங்கோ ஒரு சின்னக் கல்லூரியில் உருவான 22 வயது டேக்கிள் விலைக்குக் கிடைக்கும்போது, 18 வயதுப் பையனை எடுத்துச் சோறு போட்டு இரண்டு வருடம் காத்திருக்கப் பெரிய கல்லூரிகளுக்குப் பொறுமை குறைகிறது. உருவாக்குகிற சின்னக் கல்லூரி, ஆள் தயாராகும் நேரத்தில் அவரை இழக்கிறது.

ஆகவே உங்கள் கேள்விக்கு இன்றைய பதில் பத்து வருடத்துக்கு முந்தைய பதிலைவிடக் கொஞ்சம் வேறு. அன்று ஸ்காலர்ஷிப் என்பது பொறுத்துப் பார்க்கிற முதலீடு. இன்று அதற்கு மேலே ரொக்கமும் உண்டு, ஆனால் காத்திருப்பு யார் தலையில் என்பதுதான் தீராத சண்டை. ஸ்காலர்ஷிப் கிடைக்கிற நிலையில் ஒரு லைன்மேன் என்னிடம் வந்து கேட்டால், அதிகப் பணம் தரும் இடத்தைவிட, ஐந்து வருடமாக ஒரே லைன் பயிற்சியாளர் இருக்கிற இடத்தை முதலில் பார் என்பேன். அவரிடம் ஆடிப் போனவர்களில் எத்தனை பேர் பட்டத்தோடு வெளியே வந்தார்கள் என்று அவரிடமே கேட்கவும் சொல்வேன்.